அரைப்புள்ளிக்கு என்ன விலை? கல்லூரி ஃபுட்பால் பாயிண்ட் ஸ்பிரெட்: ஒரு மதிப்புரை

காரைக்குடி −6.5 −110
தேவகோட்டை +6.5 −110

அமெரிக்க ஸ்போர்ட்ஸ்புக், அதாவது பந்தயக் கடைச் செயலி எதைத் திறந்தாலும் கல்லூரி ஃபுட்பால் பக்கத்தில் ஒவ்வொரு ஆட்டமும் இப்படித்தான் நிற்கும். இது நம் கால்பந்து அல்ல, பந்தைக் கையில் ஏந்தி ஓடும் அமெரிக்க ஆட்டம். ஊர்ப் பெயர் மட்டும் வேறு. கீழே இருப்பது சொந்த மைதானத்து அணி. வரிக்கு இரண்டு எண்கள்: முதலாவது சரக்கு, இரண்டாவது விலை. புதிதாக வருகிறவர்கள் முதல் எண்ணையே முறைத்துப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். கடைக்காரருக்கு அடுப்பு எரிவது இரண்டாவது எண்ணில்.

விலைக்குப் போகுமுன் ஒன்று. இந்தச் சரக்கு நம்மூரில் கிடையாது. கிடைக்கிறது என்று யாராவது சொன்னால் வாங்கவும் கூடாது. தமிழ்நாட்டின் 2022-ஆம் ஆண்டுச் சட்டப்படி ஆன்லைன் சூதாட்டம் ஆடுகிறவருக்கே 3 மாதம் வரை சிறை, அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம் பணம் வைத்து ஆடும் ஆன்லைன் ஆட்டங்களை நாடு முழுக்கத் தடை செய்து, பணத்தைக் கைமாற்றிக் கொடுக்கிறவர்களையும் சேர்த்துப் பிடிக்கிறது. இங்கிருந்து டாலராக அனுப்பவும் வழியில்லை. அந்நியச் செலாவணி விதிகளின் முதல் அட்டவணை, அனுப்பக் கூடாதவை வரிசையில் லாட்டரிச் சீட்டோடு ‘ஃபுட்பால் பூல்’ என்று பெயர் சொல்லியே போட்டிருக்கிறது. அது நம் கால்பந்து. ஆனாலும் கூடவே வரும் ‘போன்றவை’ என்ற ஒரு சொல் மிச்சத்தையும் வளைத்துவிடும். “ஐ.டி. தர்றோம் ண்ணே” என்று வாட்ஸ்அப்பில் வருகிறவர்களிடம் கட்டிய பணத்துக்கு எந்த அலுவலகத்திலும் போய் முறையிட முடியாது.

ஆக இது அங்கே இருக்கிற பிள்ளைகளுக்கும், சனிக்கிழமை ராத்திரி ஃபோனில் “ஜெயிச்சும் தோத்துட்டேன் அப்பச்சி” என்று கேட்டுவிட்டு விளங்காமல் விழிக்கிற இங்குள்ளவர்களுக்கும். அங்கேயும் எல்லா மாநிலத்திலும் கடை கிடையாது. 2018 மே 14-இல் உச்ச நீதிமன்றம் பழைய தடைச் சட்டத்தை நீக்கியபின் மாநிலங்கள் தனித்தனியாக முடிவெடுத்தன. ஒஹையோ, மிச்சிகன், நியூ ஜெர்சி, இல்லினாய் அனுமதித்தன. நம்மவர்கள் கூட்டமாக இருக்கும் டெக்ஸாஸும் கலிஃபோர்னியாவும் இன்னும் இல்லை. பெரும்பாலான இடங்களில் 21 வயது நிரம்பியிருக்க வேண்டும். நியூ ஜெர்சியில் இருந்துகொண்டு அதே மாநிலத்து ரட்கர்ஸ் பல்கலைக்கழக ஆட்டத்தில் பணம் வைக்க முடியாது. நியூயார்க்கில் சிரக்யூஸுக்கும் அப்படியே. செயலி கோளாறு என்று நினைத்துப் பலர் புகார் எழுதுகிறார்கள். கோளாறில்லை, சட்டம்.

ஸ்பிரெட் என்றால் என்ன? நம் பக்கத்து மாட்டுவண்டிப் பந்தயத்தில் பெரிய மாடு, சின்ன மாடு, பூஞ்சிட்டு என்று வகை பிரித்து, வகைக்கு ஓர் எல்லை வைத்து ஓட விடுவார்கள். பெரிய மாட்டோடு பூஞ்சிட்டை யாரும் பூட்டிவிடுவதில்லை. அமெரிக்கக் கல்லூரி ஆட்டத்தில் அதைத்தான் செய்கிறார்கள். 2025 பருவத்தில் மேல்தட்டான எஃப்.பி.எஸ். பிரிவில் மட்டும் 136 அணிகள். லட்சம் பேர் உட்காரும் மைதானத்தில் ஆடுகிற அணி, பணம் வாங்கிக்கொண்டு அடிபட வருகிற சின்னக் கல்லூரியோடு மோதும். யார் ஜெயிப்பார் என்று கேட்டால் பந்தயமே இருக்காது. அதனால் பலமான அணியின் கணக்கில் சில புள்ளிகளைக் கழித்துவிட்டு ஆட்டத்தைப் பார்க்கச் சொல்கிறார்கள். 1940-களில் சிகாகோவில் இதைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்த பெருமையை சார்ல்ஸ் மெக்நீல் என்ற கணக்கு வாத்தியாருக்குக் கொடுப்பது வழக்கம்.

காரைக்குடி 27, தேவகோட்டை 21 என்று முடிந்தால் காரைக்குடி ஆறு புள்ளியில் ஜெயித்தது, −6.5 வாங்கியவர் தோற்றார். 28–21 என்றால் வென்றார். தேவகோட்டையை +6.5-இல் வாங்கியவருக்கு அணி ஜெயித்தாலும் சரி, ஆறு புள்ளிக்குள் தோற்றாலும் சரி, பணம் வரும். இந்த ஸ்பிரெட் எண்ணை ‘லைன்’ என்பார்கள். லைன் முழு எண்ணாக, −7 என்று இருந்து ஆட்டம் சரியாக ஏழில் முடிந்தால் அது ‘புஷ்’; கட்டிய பணம் அப்படியே திரும்பும். கூடுதல் நேரத்தில் எடுத்த புள்ளிகளும் கணக்கில் சேரும்.

இனி விலை. −110 என்றால் 100 டாலர் சம்பாதிக்க 110 டாலரைப் பணயம் வைக்க வேண்டும். இரண்டு பக்கமும் இதே விலை. காரைக்குடிக்கு ஒருவர் 110, தேவகோட்டைக்கு ஒருவர் 110 கட்டினால் கடையில் 220 சேரும், வென்றவருக்கு 210 போகும், 10 கடைக்கு. இதை அங்கே ‘விக்’ என்றும் ‘ஜூஸ்’ என்றும் சொல்கிறார்கள். நம் பேரேட்டில் இதற்குப் பெயர் தரகு. தனி வரியில் காட்டாத தரகு, அவ்வளவுதான்.

அது எவ்வளவு கனம் என்பதை நூறு பந்தயத்தில் பார்க்கலாம். ஒவ்வொன்றும் 110 டாலர். 50 வென்று 50 தோற்றால் வரவு 5,000, பற்று 5,500. கையை விட்டது 500. 52 வென்றாலும் 80 டாலர் நட்டம். 53-இல்தான் 130 டாலர் வரவு தெரியும். கட்டுபடியாகும் இடம் 52.38 விழுக்காடு. அதே சரக்கை −105-க்குக் கொடுக்கிற கடையில் 51.22 போதும், −115 என்றால் 53.49 வேண்டும், −120 என்றால் 54.55. ஒரே ஆட்டம், ஒரே −6.5, கடைக்குக் கடை இந்த இரண்டாவது எண் மாறும். அதைப் பார்க்காமல் ‘பெட் ஸ்லிப்’பை அழுத்துவது, வட்டி கேட்காமல் கடன் பத்திரத்தில் கையெழுத்துப் போடுவதற்குச் சமம்.

இப்போது அரைப்புள்ளி. நகரத்தார் கோயில் கணக்கில் தம்பதி என்றால் ஒரு புள்ளி, துணையை இழந்தவர் அரைப்புள்ளி. இங்கே அரைப்புள்ளிக்கு உருவமே கிடையாது; எந்த அணியும் அரைப் புள்ளி எடுக்க முடியாது. புஷ் வராமல் தடுக்கத்தான் அது. ‘ஹூக்’ என்பார்கள், தூண்டில் கொக்கி. ஆட்டத்தில் டச்டவுன் (பந்தோடு எதிரணி எல்லைக்கோட்டைத் தாண்டுவது) 6, அதன் பிறகான உதை 1, ஃபீல்ட் கோல் (கம்பங்களுக்கு நடுவே உதைப்பது) 3. அதனால் வித்தியாசங்கள் 3-லும் 7-லும் குவியும். அடுத்தபடியாக 10, 14. −2.5-க்கும் −3.5-க்கும் நடுவே ஒரு புள்ளிதான், ஆனால் அந்த ஒரு புள்ளிக்குள் 3 உட்கார்ந்திருக்கிறது. −11-க்கும் −12-க்கும் நடுவேயும் ஒரு புள்ளிதான். அதற்குள் பெரிதாக ஒன்றுமில்லை.

கடைகள் இந்த அரைப்புள்ளியைத் தனியாகவும் விற்கும். வழக்கமான விலை பத்து காசு: −110-இல் இருக்கும் −3-ஐ −120 கொடுத்து −2.5 ஆக்கிக்கொள்ளலாம். கட்டுபடியாகுமா? கணக்குப் போட்டால், நீங்கள் வாங்கிய அணி நூறில் சுமார் நான்கு ஆட்டத்திலாவது சரியாக அந்த எண்ணில் ஜெயித்தால்தான் பத்து காசு தேறும். 3-க்கு அருகில் தேறலாம். கடைக்காரருக்கும் அது தெரியும் என்பதால் 3-ஐத் தாண்டும்போது பல கடைகளில் விலை பத்து காசுக்கு மேல் ஏறிவிடும். 5, 9, 12 பக்கத்தில் அரைப்புள்ளி வாங்குவது வெறும் தண்டம். தொழில்முறை லீகை வைத்து எழுதிய அட்டவணைகளை இங்கே கொண்டுவந்து பொருத்துகிறவர்கள் செய்யும் தவறும் இதுவே. அங்கே அணிகள் கிட்டத்தட்டச் சமம், அதனால் 3 அடிக்கடி விழும். கல்லூரியில் பலம் ஏறுக்குமாறு. வித்தியாசங்கள் 1-இலிருந்து 50 வரை சிதறிக் கிடக்கும். 3-க்கு மவுசு உண்டு, ஆனால் அந்த அளவுக்கு இல்லை.

‘ஜெயிச்சும் தோத்தது’ எப்படி என்பதைக் கடைசி இரண்டு நிமிடத்தில் வைத்துப் பார்க்கலாம். காரைக்குடி 24, தேவகோட்டை 20. நேரம் 1:50. பந்து காரைக்குடி கையில், முதல் டவுன், அதாவது பத்து யார்டு முன்னேறக் கிடைக்கும் நான்கு முயற்சிகளில் முதலாவது; தேவகோட்டையிடம் டைம்அவுட் ஒன்றும் மிச்சமில்லை. எதிரணி எல்லைக்கோடு 15 யார்டு தூரத்தில். −6.5 வாங்கியவர் டச்டவுனுக்குத் தவிப்பார். ஆட்டத்தை நடத்துகிற குவார்ட்டர்பேக் பந்தை வாங்கி ஒரு காலை மடக்கி உட்காருவான். 40 விநாடி ஓடும். மறுபடியும் உட்காருவான். இன்னொரு 40. மூன்றாவது தடவை உட்கார்ந்ததும் ஆட்டம் முடிந்தது. பயிற்சியாளர் செய்தது நூற்றுக்கு நூறு சரி. அவருக்கு வெற்றி போதும், உங்கள் −6.5 அவர் பார்வையில் இல்லவே இல்லை. இதன் மறுபக்கம் ‘பேக்டோர் கவர்’, கொல்லைப்புறமாக வருவது: −16.5 லைனில் 34–14 என்று நிற்கும்போது, கடைசி நிமிடத்தில் முன்னணி அணி தளர்வாகத் தடுக்க, தோற்கிற அணி ஒரு டச்டவுன் போட்டு 34–21 ஆக்கிவிடும். வெற்றி தோல்வியில் ஒரு மாற்றமும் இல்லை, பணம் மட்டும் பக்கம் மாறியிருக்கும்.

கல்லூரி ஆட்டத்துக்கே உரிய பள்ளங்கள் நாலைந்து உண்டு. பெரிய லைன்கள், −35, −40 வகை, கவர்ச்சியாகத் தெரியும். ஆனால் மூன்றாம் கால் பகுதியிலேயே முதல் வரிசை ஆட்கள் பெஞ்சுக்குப் போய்விடுவார்கள். 2018 முதல், நான்கு ஆட்டம் வரை ஆடினாலும் ‘ரெட்ஷர்ட்’ தகுதி (அந்த ஆண்டை ஆடும் ஆண்டுக் கணக்கில் சேர்க்காத சலுகை) போகாது என்பதால், புதிதாகச் சேர்ந்த பையன்களை இறக்கிப் பார்க்கவே இந்த ஆட்டங்கள் பயன்படுகின்றன. 2023-இல் கடிகார விதியும் மாறியது: முதல் டவுன் கிடைத்தாலும் ஒவ்வொரு பாதியின் கடைசி இரண்டு நிமிடம் தவிர மற்ற நேரத்தில் கடிகாரம் நிற்காது. ஆட்டத்தில் பிளேக்கள், அதாவது முயற்சிகள், குறைந்தன. 40 புள்ளி வித்தியாசம் எடுக்க அவகாசமும் குறைந்தது. பெரிய லைன் என்றால் பத்திரம் என்று நினைக்கிறவர்கள் 2007 அக்டோபர் 6-ஐ நினைத்துக்கொள்ளலாம்: யு.எஸ்.சி. 41 புள்ளி முன்னணி என்று லைன் சொன்னது. ஸ்டான்ஃபோர்ட் 24–23 என்று அவர்கள் மைதானத்திலேயே ஜெயித்துவிட்டுப் போனது.

காயச் செய்தி அடுத்தது. தொழில்முறை லீகில் வாராவாரம் அறிக்கை கட்டாயம். கல்லூரியில் அந்தப் பழக்கமே இல்லாதிருந்து, கல்லூரிக் கூட்டமைப்புகளான பிக் டென் 2023-லும் எஸ்.இ.சி. 2024-லும்தான் யார் ஆடுவார், ஆடமாட்டார் என்று வெளியிட ஆரம்பித்தன. அவை வருமுன் வாங்கினால் குவார்ட்டர்பேக் இருக்கிறானா என்றே தெரியாமல் வாங்குகிறீர்கள். பருவம் முடிந்தபின் நடக்கும் டிசம்பர் பவுல் ஆட்டங்கள் இன்னும் மோசம். தொழில்முறைத் தேர்வுக்குப் போகும் வீரர்கள் 2016-இல் மெக்காஃப்ரியும் ஃபோர்னெட்டும் விலகிக்கொண்ட நாள் முதல் பவுல் ஆட்டத்தைத் தவிர்ப்பது சகஜமாகிவிட்டது. டிரான்ஸ்ஃபர் போர்ட்டல் வழியாக வேறு கல்லூரிக்குக் கிளம்புகிறவர்கள் வேறு. பருவம் முழுக்க நீங்கள் பார்த்த அணி பவுலில் ஆடும் அணி அல்ல. டிசம்பர் முதல் வாரத்தில் பவுல் லைன் வாங்குவது கண்ணைக் கட்டிக்கொண்டு காட்டில் நடப்பது.

கூடுதல் நேரமும் வேறு மாதிரி. கடிகாரம் கிடையாது, 25 யார்டு கோட்டிலிருந்து ஆளுக்கொரு வாய்ப்பு. இரண்டாவது சுற்றில் டச்டவுன் எடுத்தால் ஒரு புள்ளி உதைக்குப் பதிலாக, பந்தை மறுபடி கோட்டைத் தாண்டிக் கொண்டுபோகும் இரண்டு புள்ளி முயற்சி கட்டாயம். மூன்றாவதிலிருந்து இரண்டு புள்ளி முயற்சி மட்டுமே, அதாவது அங்கே முடிகிற ஆட்டம் இரண்டு புள்ளியில் முடியும். −3-க்கு மேல் வாங்கியவர் மூன்றாவது சுற்று தொடங்கும்போதே டிவியை அணைத்துவிடலாம்.

எப்போது வாங்குவது? அடுத்த வாரத்து லைன் ஞாயிற்றுக்கிழமை மதியம் அங்கே திறக்கும்; காரைக்குடியில் அப்போது ஞாயிறு நள்ளிரவு. ஆட்டங்கள் பெரும்பாலும் சனிக்கிழமை. கிழக்குக் கரையில் மதியம் 12 மணி ஆட்டம் நமக்கு இரவு 9:30. நவம்பர் முதல் ஞாயிறன்று அவர்கள் கடிகாரத்தைத் திருப்பியபின் 10:30. திருப்புமுன் இரவு 7:30 ஆட்டம் நமக்கு ஞாயிறு காலை 5 மணி, முதல் காப்பி நேரம். திறந்த லைன் வாரத்தில் நகரும். ரங்கூன் மொகல் தெருவில் செட்டியார்கள் கூடி நடப்பு வட்டி முடிவு செய்த காலத்தில் எல்லாக் கடைக்கும் அதுதான் அளவுகோல். இங்கே அந்தக் கட்டுப்பாடு இல்லை. பெரிய தொகை வாங்கும் ஓரிரு கடைகள் எண்ணை நகர்த்தும், மற்றவை பின்னால் வரும். பின்னால் வருவதற்குள் ஒரு கடையில் −3, இன்னொன்றில் −2.5 என்று நிற்கும். அந்த இடைவெளிதான் வாங்குகிறவருக்கு மிச்சம். மூன்று கடைகளில் கணக்கு வைத்து, முன்னணி அணி வேண்டுமானால் சின்ன எண்ணையும், எதிரணி வேண்டுமானால் பெரிய எண்ணையும் எடுப்பது ஒன்றே இந்தச் சேவையில் செலவில்லாமல் கிடைக்கும் நன்மை. ஆருடம் சொல்லும் திறமை இதில் பாதிகூடக் கிடையாது.

பக்கத்துச் சரக்குகளைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. பார்லே, அதாவது இரண்டு ஆட்டத்தைச் சேர்த்துக் கட்டுவது: இரண்டும் −110 என்றால் ஒரு டாலருக்கு முதலோடு 3.64 வரும், நியாய விலை 4. தரகு நான்கரை விழுக்காட்டிலிருந்து ஒன்பதுக்கு அருகில் ஏறிவிட்டது. நான்கு, ஐந்து என்று சேர்க்கச் சேர்க்கக் கூடும். செயலியின் முகப்பில் பெரிய எழுத்தில் பளபளப்பது இதுதான் என்பதே போதும். ஆறு புள்ளி டீசர், அதாவது சேர்த்துக் கட்டும் ஆட்டங்களின் லைனை ஆறு புள்ளி உங்கள் பக்கம் நகர்த்தித் தருவது, தொழில்முறை லீகில் 3-ஐயும் 7-ஐயும் தாண்டும்போது ஓரளவு அர்த்தமுள்ளது. வித்தியாசங்கள் சிதறும் கல்லூரியில் அதே ஆறு புள்ளிக்கு மதிப்புக் குறைவு. ஆட்டம் நடக்கும்போதே மாறும் லைவ் ஸ்பிரெட்டில் −115, −120 சாதாரணம். உங்கள் டிவிப் படம் மைதானத்தைவிடச் சில விநாடி பின்தங்கியிருப்பதும் சாதாரணம்.

டெலிகிராமில் ‘பிக்ஸ்’, அதாவது எந்தப் பக்கம் கட்டலாம் என்ற ஆருடம், விற்கிறவர்களுக்கு ஒரு கணக்கு. நூறு பேர் ஆளுக்கு நூறு தடவை காசைச் சுண்டினால், சுமார் 18 பேர் 55 அல்லது அதற்கு மேல் சரியாகச் சொல்லியிருப்பார்கள். அந்த 18 பேரும் சேனல் தொடங்குவார்கள். மிச்சம் 82 பேரின் சேனலை நீங்கள் பார்க்கவே போவதில்லை. ‘போன பருவம் 55 வெற்றி’ என்று காட்டினால், எந்த லைனில், எந்த விலையில், எந்த நேரத்தில் என்று கேளுங்கள். பதில் பெரும்பாலும் வராது.

கணக்கு வைப்பது கட்டாயம். நம்மவர்களுக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை. சிட்டையில் ஆறு பத்தி போதும்: தேதி, அணி, வாங்கிய லைன், கொடுத்த விலை, ஆட்டம் தொடங்கும்போது நின்ற லைன், முடிவு. ஐந்தாவது பத்தி முக்கியம். −3 வாங்கியது −4.5-இல் மூடினால், தோற்றாலும் நல்ல வாங்கல். −3 வாங்கியது −1.5-இல் மூடினால், ஜெயித்தாலும் குருட்டாம்போக்கு. ஒதுக்கி வைத்த மொத்த முதலில் ஒரு விழுக்காடு, மிஞ்சினால் இரண்டு, அதற்கு மேல் ஓர் ஆட்டத்தில் வைப்பதில்லை. பருவம் முடிந்து ஐந்தொகை போடும்போது வரியும் உண்டு: 2025-இல் வந்த அமெரிக்க வரிச் சட்டப்படி 2026 முதல் பந்தய நட்டத்தில் 90 விழுக்காட்டைத்தான் கழித்துக்கொள்ளலாம். அதாவது 10,000 வென்று 10,000 தோற்றவர் கையில் ஒன்றுமில்லாமலே 1,000 டாலருக்கு வரிக் கணக்குக் காட்ட வேண்டிவரும். இந்த ஒரு வரி பலருடைய கணக்கை மூட வைக்கும்.

சேவைத் தரத்தில், அனுமதி பெற்ற கடைகளில் பணம் போடுவதும் எடுப்பதும் ஒழுங்காகவே நடக்கிறது. நிறுத்தப்பட்ட ஆட்டத்துக்கு 55 நிமிடமாவது ஆடியிருந்தால்தான் பந்தயம் நிற்கும் என்பது பல கடைகளின் விதி. இடி மின்னலுக்கு ஆட்டம் நிற்பது செப்டம்பரில் சகஜம் என்பதால் அந்தப் பக்கத்தை ஒரு தடவை படித்து வைப்பது நல்லது. பெரிய குறை வேறு. ஐந்தாவது பத்தி தொடர்ந்து உங்கள் பக்கமே நின்றால் கடையும் அதைப் பார்த்துக்கொண்டிருக்கும். ஒரு வாரம் 500 டாலர் எடுத்த அதே திரை, அடுத்த வாரம் ‘உங்கள் உச்சவரம்பு 11.40’ என்று காட்டும். காரணம் சொல்ல மாட்டார்கள். தோற்கிறவருக்கு அந்தத் திரை வருவதில்லை. அவருக்கு வருவது இலவசப் பார்லே கூப்பன்.